முகம் பார்க்கும் கண்ணாடியும் மூக்குக்கண்ணாடியும்

உங்கள் கேள்வி சுருக்கமானது. பையனுக்கு 11 வயது, சூப்பர்ஹீரோ படமும் காமிக்ஸும் என்றால் அவனுக்கு உயிர், இப்போதெல்லாம் கண்ணாடி முன் நின்று கையை மடக்கி மடக்கிப் பார்க்கிறான். ஆம்பளை என்றால் உடம்பும் அடிதடியும்தான் என்று இந்தக் கதைகள் சொல்லிக்கொடுக்கின்றனவா என்று கேட்டிருக்கிறீர்கள். இதற்குள் இரண்டு கேள்விகள் இருக்கின்றன. கதைகள் ஆண்மையைப் பற்றி என்ன சொல்கின்றன என்பது ஒன்று. அதில் எதைப் பையன் எடுத்துக்கொள்கிறான் என்பது இன்னொன்று. முதலாவது என் தொழில். காமிக்ஸும் சினிமாவும் ஆண், பெண் என்ற அடையாளங்களை எப்படிக் கட்டுகின்றன என்று கல்லூரியில் 17 வருடமாகப் பாடம் எடுக்கிறேன். இரண்டாவது உளவியல். அங்கே நான் ஆய்வுகளைப் படித்துப் புரிந்துகொள்கிற ஒரு வாசகன் மட்டுமே. அந்த வித்தியாசத்தை மனதில் வைத்துப் படியுங்கள்.

சூப்பர்ஹீரோவும் ஆண்மையும் என்று பேச்செடுத்தால் எல்லோரும் முதலில் தசையைப் பார்க்கிறார்கள். என் கண்ணில் படுவது ஒரே உடம்புக்குள் இரண்டு ஆண்கள் குடியிருப்பதுதான். ஒருவர் பலசாலி, இன்னொருவர் கூச்சப்படுகிற, தடுமாறுகிற, யாரும் மதிக்காத மனிதர். இந்த இருவருக்கும் நடுவில் உள்ள உறவு எப்படி இருக்கிறது என்று பார்த்தால், அந்தக் காலம் ஆண்களிடம் என்ன எதிர்பார்த்தது என்பது தெரிந்துவிடும்.

முதல் கதையிலேயே இது இருக்கிறது. 1938 ஜூன் தேதியிட்ட ஆக்‌ஷன் காமிக்ஸ் முதல் இதழின் அட்டையில் சூப்பர்மேன் ஒரு பச்சைக் காரைத் தூக்கிப் பாறையில் மோதுகிறார். உலகமே பார்த்த படம். ஆனால் அந்தக் கார் கதைக்குள் எங்கிருந்து வருகிறது என்று கேட்டால் பலருக்குத் தெரியாது. பத்திரிகை நிருபர் கிளார்க் கென்ட், கூட வேலை செய்யும் லோயிஸ் லேனை வெளியே அழைத்துப் போகிறார். நடனம் நடக்கும்போது ஒரு முரடன் குறுக்கே வந்து, லோயிஸ் தன்னோடு ஆடவேண்டும் என்கிறான். கிளார்க் பயந்தவர்போல் நடிக்கிறார், அவனோடு ஆடும்படி அவளிடமே சொல்கிறார். லோயிஸோ அந்த முரடனை ஓங்கி ஒரு அறை விடுகிறாள். பிறகு கிளார்க்கை முகத்துக்கு நேராகக் கோழை என்று சொல்லிவிட்டு டாக்ஸியில் ஏறிப் போய்விடுகிறாள். முரடனும் கூட்டாளிகளும் அவளைக் கடத்திப் போகும் கார்தான் அட்டையில் இருப்பது. அந்தப் புகழ்பெற்ற படம், ஒரு பெண் முன்னால் பட்ட அவமானத்துக்கு ஆண் கொடுக்கும் பதிலாகத்தான் கதைக்குள் வருகிறது. அதே 13 பக்கத்துக்குள் மனைவியை அடிக்கும் ஒருவனைச் சூப்பர்மேன் சுவரில் வீசுகிறார், நிரபராதிப் பெண் ஒருத்தியை மின்சார நாற்காலி மரண தண்டனையிலிருந்து மீட்கிறார் என்றாலும், மக்கள் மனதில் நின்றது கார்தான்.

எழுதிய ஜெர்ரி சீகல், வரைந்த ஜோ ஷஸ்டர் இருவரும் கிளீவ்லாந்து நகரில் வளர்ந்தவர்கள், யூதக் குடியேறிகளின் பிள்ளைகள். பொருளாதார மந்தக் காலம். சூப்பர்மேன் உரிமையை 130 டாலருக்கு விற்றார்கள். பள்ளியில் தனக்குப் பிடித்த பெண்கள் தன்னைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை, எனக்குள் ஏதோ பெரிய சக்தி இருந்தால் எப்படி இருக்கும் என்று யோசித்தேன் என்ற பொருளில் சீகலே பிற்காலப் பேட்டியில் சொல்லியிருக்கிறார். இதுவரை உறுதியானது. இனி வருவதில் கொஞ்சம் கவனம் வேண்டும். சீகலின் அப்பா 1932இல் தன் துணிக்கடையில் திருட்டு நடந்தபோது விழுந்து இறந்துபோனார். அப்பாவைக் காப்பாற்ற முடியாத பையன், குண்டு துளைக்காத மனிதனைக் கற்பனை செய்தான் என்று பலர் எழுதியிருக்கிறார்கள். மரணம் நடந்தது, ஆனால் அதையும் சூப்பர்மேனையும் இணைப்பது ஊகம். அதேபோல, யூத ஆண்கள் பலவீனமானவர்கள் என்ற ஏளனத்துக்கான மறுமொழி சூப்பர்மேன் என்பதும் பின்னால் வந்தவர்களின் வாசிப்பு. 1940இல் நாஜிகளின் எஸ்.எஸ். படையின் பத்திரிகை சீகலின் யூத அடையாளத்தைச் சொல்லி வசைபாடியது என்பதை வைத்துப் பார்த்தால், அந்த வாசிப்புக்கு ஒரு நியாயம் இருக்கிறது என்றே நினைக்கிறேன்.

அந்தக் காலக் காமிக்ஸின் பின்பக்கத்தைத் திருப்பினால் இதே கதை விளம்பரமாக இருக்கும். கடற்கரையில் ஒரு ஒல்லிப் பையன், பக்கத்தில் தோழி. தடியன் ஒருவன் வந்து அவன் முகத்தில் மணலைத் தள்ளுகிறான், தோழியின் முகம் மாறுகிறது. பையன் வீட்டுக்கு வந்து நாற்காலியை உதைத்துவிட்டு, சார்லஸ் அட்லஸின் உடற்பயிற்சிப் பாடத்துக்குத் தபால் அனுப்புகிறான். உடம்பு ஏறியதும் கடற்கரைக்குத் திரும்பி வந்து தடியனை ஒரு குத்து விடுகிறான், எல்லோரும் அவனை நாயகன் என்கிறார்கள். சூப்பர்மேன் கதையில் கனவாக இருந்தது இங்கே தபாலில் கிடைக்கும் சரக்காகிவிட்டது. அந்தப் பையனுக்கு அடி வலித்த மாதிரியே தெரியாது, தோழி பார்த்துவிட்டாளே என்பதுதான் வலி. உங்கள் பையன் கண்ணாடியில் பார்ப்பதும் ஒருவேளை தன்னை மட்டும் இல்லை, தன்னைப் பார்க்கப்போகும் மற்றவர்களின் கண்களையும்தான்.

வகுப்பில் ஒவ்வொரு வருடமும் ஒரு காட்சியைச் சத்தம் இல்லாமல் போட்டுக் காட்டுவேன். 1978இல் வந்த சூப்பர்மேன் படம், கிறிஸ்டோபர் ரீவ் நடித்தது. லோயிஸின் வீட்டுக்குக் கிளார்க் வந்திருக்கிறார். அவள் கிளம்புவதற்காக உள்ளே போகிறாள். அறையில் தனியாக நிற்கிற கிளார்க், உண்மையைச் சொல்லிவிடலாம் என்று முடிவெடுத்தவர்போல மூக்குக்கண்ணாடியைக் கழற்றுகிறார். குறுகியிருந்த தோள் பின்னால் போகிறது, முதுகு நிமிர்கிறது, கழுத்து நீள்கிறது, முகத்தின் சதையே வேறு இடத்தில் போய் உட்கார்கிறது. ஆளே சில அங்குலம் உயர்ந்துவிட்டார். சில நொடிகள்தான். அப்புறம் தைரியம் போய்விடுகிறது. கண்ணாடியைத் திரும்ப மாட்டுகிறார், தோள் இறங்குகிறது, கிளார்க் வந்துவிடுகிறார். உடை மாறவில்லை, கேமரா தந்திரம் இல்லை, உடம்பை வைத்துக்கொள்ளும் விதம் மட்டும் மாறியது. ஆண்மை என்பது பெரும்பகுதி நிற்பதிலும் நடப்பதிலும் குரலிலும் செய்துகாட்டப்படுவது என்று புத்தகம் புத்தகமாக எழுதியிருப்பதை அந்த நடிகர் ஒரே ஷாட்டில் செய்துவிட்டார். 18, 19 வயதுப் பையன்கள் இதைப் பார்க்கும்போது வகுப்பில் ஒரு அமைதி வரும். ஒருமுறை பின்வரிசையில் இருந்த மாணவர் ஒருவர், "சார், நான் வீட்டில் கிளார்க், ஹாஸ்டலில் சூப்பர்மேன்" என்றார். யாரும் சிரிக்கவில்லை. பல பேர் தலையாட்டினார்கள்.

இந்த வகைக் கதைகளில் எனக்குள்ள முக்கியமான மனத்தாங்கலே இங்கேதான். கிளார்க் நல்ல மனிதர். வேலையில் கெட்டி, அடக்கமானவர், யாரையும் புண்படுத்தாதவர். ஆனால் பழைய கதைகளில் அந்த கிளார்க் மட்டும் இருந்தால் போதாது. அவருடைய மென்மையை நாம் ரசிப்பதே, சட்டைக்குள் வேறு ஆள் இருக்கிறார் என்று நமக்குத் தெரிவதால்தான். சட்டைக்குள் எதுவும் இல்லாத ஒருவர் அதே கூச்சத்தோடு நின்றிருந்தால் கதை அவரை அன்போடு பார்த்திருக்குமா? அனேகமாகப் பார்த்திருக்காது. ஆண் மென்மையாக இருக்கலாம், ஆனால் முதலில் அடிக்க முடிந்தவன் என்று நிரூபித்திருக்க வேண்டும். இந்த நிபந்தனையைப் பையன்கள் தசையைவிட வேகமாகக் கற்றுக்கொள்கிறார்கள் என்பது என் அனுபவம். இது பல வருடம் மாணவர்களோடு பேசியதில் வந்த கருத்து, அளந்து நிரூபித்த முடிவு என்று எடுத்துக்கொள்ள வேண்டாம்.

கேப்டன் அமெரிக்கா இந்த நிபந்தனையை இன்னும் வெளிப்படையாகச் சொல்கிறார். ஜோ சைமனும் ஜாக் கிர்பியும் உருவாக்கிய முதல் இதழ் 1941 மார்ச் தேதியிட்டது, அதன் அட்டையில் அவர் ஹிட்லரின் தாடையில் குத்துகிறார். அமெரிக்கா போரில் இறங்கியது அந்த டிசம்பரில்தான். ஸ்டீவ் ரோஜர்ஸ் நோஞ்சான், ராணுவம் வேண்டாம் என்று திருப்பி அனுப்பிய ஆள். ஒரு மருந்து அவரை மாற்றுகிறது. 2011இல் வந்த படம் இதில் ஒரு நல்ல திருத்தம் செய்தது. பயிற்சி முகாமில் ஒரு கையெறிகுண்டு வந்து விழுகிறது. வாட்டசாட்டமான வீரர்கள் எல்லாம் ஓடுகிறார்கள், ஒல்லி ஸ்டீவ் மட்டும் மற்றவர்களைக் காப்பாற்ற அதன்மேல் குப்புற விழுந்து, விலகிப் போங்கள் என்று கையசைக்கிறார். அது வெடிக்காத போலிக் குண்டு, அவருக்கு அது தெரியாது. வீரம் தசைக்கு முன்பே இருந்தது என்று படம் தெளிவாகச் சொல்கிறது. எனக்கு மிகவும் பிடித்த காட்சி. ஆனாலும் பத்து நிமிடம் கழித்து அதே படம் அவரை இயந்திரத்துக்குள் போட்டு, சட்டை இல்லாமல் பளபளக்கும் மார்போடு வெளியே கொண்டுவந்து நிறுத்துகிறது. அரங்கில் விசில் பறப்பது அப்போதுதான்.

ஆண்மை பற்றிய பயம் எதிர்ப்பக்கத்திலிருந்தும் வந்தது. 1954இல் மனநல மருத்துவர் ஃபிரெடரிக் வெர்த்தாம் காமிக்ஸ் பிள்ளைகளைக் கெடுக்கிறது என்று ஒரு புத்தகம் போட்டார். பேட்மேனும் ராபினும் ஒரே வீட்டில் வாழ்வது ஓரினச்சேர்க்கைக் கனவு என்பது அதில் ஒரு குற்றச்சாட்டு. அதே வருடம் செனட் துணைக்குழு விசாரணை நடந்தது, பதிப்பாளர்கள் தாங்களே ஒரு தணிக்கை விதித்தொகுப்பை ஏற்படுத்திக்கொண்டார்கள். 1956இல் பேட்வுமன் என்ற பெண் பாத்திரம் வந்து பேட்மேனைச் சுற்றிச் சுற்றி வந்தாள். வெர்த்தாமின் பேச்சை அடக்கத்தான் அவளைக் கொண்டுவந்தார்கள் என்பார்கள். காலவரிசை பொருந்துகிறது, நோக்கம் அதுதான் என்பது அனுமானம். 2012இல் கேரல் டில்லி என்ற ஆய்வாளர் வெர்த்தாமின் காகிதங்களைத் தேடிப் படித்து, அவர் நோயாளிகள் சொன்னதை வெட்டியும் ஒட்டியும் மாற்றியும் பயன்படுத்தியிருக்கிறார் என்று காட்டினார். நான் இதைச் சொல்வதற்குக் காரணம் உண்டு. பிள்ளைகளைக் காமிக்ஸ் கெடுக்கிறது என்ற வாதம் ஒருமுறை போலி ஆதாரத்தில் நின்று நாட்டையே ஆட்டிவைத்தது. அந்த வாதத்தை மறுபடி சொல்வதானால், நாம் இரண்டு மடங்கு ஜாக்கிரதையாக இருக்கவேண்டும். இன்னொன்று, வெர்த்தாம் பயந்தது வன்முறைக்கு மட்டும் இல்லை, ஒரு ஆண் இன்னொரு ஆணிடம் பாசமாக இருப்பதற்கும்தான். அந்தப் பயம் இன்னும் போகவில்லை.

1961, 62 வாக்கில் மார்வெல் நிறுவனத்திலிருந்து வந்த கதைகள் மேலே சொன்ன கணக்கைக் கலைத்துப்போட்டன. ஃபென்டாஸ்டிக் ஃபோரில் வரும் திங், அதாவது பென் கிரிம், அட்லஸ் விளம்பரத்துக்கு நேர் எதிர். அந்தக் குழுவிலேயே அவர்தான் பலசாலி. அந்தப் பலமே அவருக்குச் சாபம். பாறையாகிப்போன உடம்பை அவர் வெறுக்கிறார், பழைய உடம்பு திரும்பக் கிடைக்காதா என்று ஏங்குகிறார். ஹல்க் கதையில் கோபம்தான் பலம், கோபம் தணிந்தால் கிழிந்த துணியோடு வெட்கப்பட்டு நிற்கிற விஞ்ஞானி. 1985இல் பில் மாண்ட்லோ எழுதிய இதழில் அந்தக் கோபத்தின் வேர் தெரியவந்தது: சிறுவயதில் அடித்த, தாயைக் கொன்ற அப்பா. அதன் பிறகு ஹல்க்கைப் படிக்கும்போது, ராட்சதன் தெரிவதில்லை, கட்டிலுக்கு அடியில் ஒளிந்த பையன்தான் தெரிகிறான்.

ஸ்பைடர்மேனிடம் கொஞ்சம் நிற்கவேண்டும். ஸ்டான் லீயும் ஸ்டீவ் டிட்கோவும் 1962இல் வெளியிட்ட முதல் கதை 11 பக்கம். அதற்கு முன் இந்தக் கதைகளில் விடலைப் பையன் என்றால் பெரும்பாலும் நாயகனுக்கு எடுபிடி. இங்கே அவனே நாயகன். பீட்டர் பார்க்கரைப் பள்ளியில் கேலி செய்கிறார்கள், சேர்த்துக்கொள்ள மாட்டேன் என்கிறார்கள். சிலந்தி கடித்து சக்தி வருகிறது. உடனே என்ன செய்கிறான்? காசுக்காக மல்யுத்த மேடை ஏறி ஒரு பயில்வானைத் தோற்கடிக்கிறான், தொலைக்காட்சியில் வித்தை காட்டுகிறான். அட்லஸ் விளம்பரம் இந்த இடத்தில் முடிந்திருக்கும். இந்தக் கதை முடியவில்லை. ஓடிவரும் திருடனைப் பிடிக்காமல் அலட்சியமாக விடுகிறான், அதே திருடன் பிறகு அவனை வளர்த்த பென் மாமாவைக் கொன்றுவிடுகிறான். பெரிய சக்தி வந்தால் பெரிய பொறுப்பும் வரும் என்ற வரி கடைசிக் கட்டத்தில் கதைசொல்லியின் குரலாக வருகிறது, அந்த முதல் கதையில் மாமா அதைச் சொல்வதில்லை. எனக்கு முக்கியமாகப் படுவது இது: கிளார்க்குக்குக் கோழைத்தனம் வேஷம், பீட்டருக்கோ பீட்டர்தான் நிஜம். சக்தி வந்தபிறகும் வாடகை, பரீட்சை, அத்தையின் உடல்நலம், பள்ளியில் கேலி எதுவும் தீரவில்லை. பலம் வந்தால் அவமானம் போய்விடும் என்ற வாக்குறுதியை இந்தக் கதை தருவதே இல்லை.

அதற்காக 60களுக்குப் பிறகு எல்லாம் சரியாகிவிட்டது என்று சொல்லவில்லை. 1973இல் ஸ்பைடர்மேனின் காதலி குவென் ஸ்டேசி இறந்தாள். பிறகு நாயகனுக்குக் கோபமும் துக்கமும் வரவைப்பதற்காகவே பெண்களைக் கொல்வது ஒரு வழக்கமாகவே ஆனது. 1999இல் கெயில் சிமோன் அப்படிப்பட்ட பெண் பாத்திரங்களைப் பட்டியல் போட்டு இணையத்தில் வைத்தபோதுதான் பலரும் அதைக் கவனித்தார்கள். 1974இல் வில்லன்போல வந்த பனிஷர், குடும்பத்தை இழந்து கொலை ஒன்றையே வேலையாகக் கொண்டவர். அவருடைய மண்டையோட்டுச் சின்னத்தை நிஜப் போலீஸ்காரர்களும் சிப்பாய்களும் பெருமையாகக் குத்திக்கொண்டார்கள். அவரை உருவாக்கியவர்களில் ஒருவரான ஜெர்ரி கான்வே அதை வெளிப்படையாகக் கண்டித்தார். 2019 இதழ் ஒன்றில் பனிஷரே போலீஸ்காரர்களிடமிருந்து அந்தச் சின்னம் போட்ட ஒட்டுத்தாளைக் கிழித்துப்போட்டு, உங்களுக்கு முன்மாதிரி வேண்டுமானால் கேப்டன் அமெரிக்காவைப் பாருங்கள் என்கிற பொருளில் பேசுகிறார். எழுதியவர் எச்சரிக்கையாக எழுதியதை வாசகர் வழிபாடாக எடுத்துக்கொண்டார். கதை என்ன சொல்கிறது, பையன் எதை எடுத்துக்கொள்கிறான் என்று ஆரம்பத்தில் இரண்டாகப் பிரித்தேனே, அதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியாது.

கறுப்பின நாயகர்களிடம் இந்தக் கணக்கு வேறு மாதிரி. கறுப்பின ஆண் என்றாலே உடம்பு, ஆபத்து என்று பார்த்துப் பழகிய சமூகத்தில், தசையைக் கூட்டிக் காட்டுவது விடுதலையாக இருக்காது, பழைய முத்திரையை இன்னும் அழுத்தமாகக் குத்துவதாகிவிடும். 1972இல் வந்த லூக் கேஜ் சிறையில் நடந்த பரிசோதனையால் குண்டு துளைக்காத தோல் பெற்றவர். அந்தத் தோலின் பொருள் அவருக்கு ஒன்று, சூப்பர்மேனுக்கு வேறொன்று. 1993இல் டுவைன் மெக்டஃபியும் நண்பர்களும் தொடங்கிய மைல்ஸ்டோன் நிறுவனம் மூளையை முன்னால் வைத்தது. அதன் நாயகர்களில் ஹார்டுவேர் என்பவர் பொறியாளர், ஐகான் என்பவர் வழக்கறிஞர், ஸ்டாட்டிக் என்பவன் அறிவியலில் கெட்டிக்காரப் பள்ளிப் பையன். மற்ற பதிப்பகங்களின் நாயகர்கள் தலை சிறுத்து, தோள் வீங்கி நின்ற அதே வருடங்களில் இது நடந்தது. 2018இல் வந்த பிளாக் பேந்தர் படத்தில் முடிசூட்டுப் போட்டிக்கு முன் அரசரின் சக்தியையே எடுத்துவிடுகிறார்கள். முன்னாள் காதலியைப் பார்த்ததும் அவர் உறைந்துபோய் நிற்கிறார், தளபதி ஒக்கோயே அதைச் சொல்லிக் கிண்டல் செய்கிறாள், அரசர் கோபப்படுவதில்லை. சுற்றிப் பெண்கள் பலமாக இருப்பதால் தன் ஆண்மை குறைகிறது என்று நினைக்காத ஒரு நாயகரை அவ்வளவு பெரிய திரையில் பார்த்தது எனக்குச் சந்தோஷமாக இருந்தது.

இப்போது உடம்புக்கு வருகிறேன், ஏனென்றால் உங்கள் பையன் நிற்பது அங்கேதான். படங்களில் ஒரு மாற்றம் நடந்திருக்கிறது. 1966 பேட்மேன் தொடரில் ஆடம் வெஸ்டுக்குச் சாதாரண உடம்பு. 1989 படத்தில் மைக்கேல் கீட்டனின் தசை ரப்பர் உடையில் வார்க்கப்பட்டது, அவருடையது இல்லை என்று எல்லோருக்கும் தெரியும். இப்போது தசையே உடை, நடிகர் அதை நிஜமாகவே அணிந்துகொண்டு வரவேண்டும். 2000இல் முதல் எக்ஸ்-மென் படத்தில் இருந்த ஹியூ ஜாக்மேனையும் 2013 படத்தில் நரம்பு புடைத்து நிற்கும் அவரையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். சட்டை இல்லாத காட்சிக்கு முன் தண்ணீர் குடிப்பதை நிறுத்தி உடம்பை வற்றவைத்ததை அவரே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். படமெடுக்கும் அந்தச் சில மணி நேரம்தான் அந்த உடம்பு அப்படி இருக்கும். பையனுக்கு இதைக் கட்டாயம் சொல்லுங்கள். பொம்மைகளும் வீங்கின. ஹாரிசன் போப் குழுவினர் 1999இல் ஜி.ஐ. ஜோ போன்ற பொம்மைகளை அளந்து, நிஜ மனித உயரத்துக்குப் பெருக்கிக் கணக்கிட்டார்கள். அன்று புதிதாக வந்த ஒரு வகையின் மேற்கை சுற்றளவு 27 அங்குலம் அளவுக்கு வந்தது. மனித உடம்பால் எட்டவே முடியாத அளவு அது.

அப்படியானால் இதைப் பார்க்கும் பையன்கள் கெட்டுப்போகிறார்களா? ஆதாரம் ஒரே பக்கம் சாயவில்லை. 2013இல் ஏரியானா யங் குழுவினர் இளம் ஆண்களிடம் செய்த சோதனையில், தசைப்பிடிப்பான சூப்பர்ஹீரோவைப் பார்த்ததும் பலருக்குத் தம் உடம்பின்மேல் அதிருப்தி கூடியது. ஆனால் அந்தப் பாத்திரத்தோடு மனதளவில் ஒட்டுதல் உள்ளவர்களுக்கு அது நடக்கவில்லை. கதையைத் தெரிந்து நேசிக்கிறவருக்கு ஒரு காப்பு இருக்கிறது, போஸ்டரை மட்டும் பார்க்கிறவருக்கு அது இல்லை என்று நான் அதைப் படிக்கிறேன். ஆனால் அவர்கள் கல்லூரி வயதினர், 11 வயதுக்கு அப்படியே பொருந்தும் என்று சொல்ல மாட்டேன். 2017இல் சாரா காயின் குழுவினர், சூப்பர்ஹீரோ ஈடுபாடு அதிகமாக இருந்த மழலைப் பருவக் குழந்தைகளிடம் ஒரு வருடம் கழித்து முரட்டுத்தனம் கூடுதலாக இருந்ததாகவும், பிறரைக் காப்பாற்றும் குணம் கூடவில்லை என்றும் கண்டார்கள். இது தொடர்பைக் காட்டுகிறது, காரணத்தை நிரூபிக்கவில்லை. அதே வருடம் வந்த வேறொரு ஆய்வில், சலிப்பான வேலை ஒன்றைச் செய்யும் 4, 6 வயதுக் குழந்தைகள் தங்களைப் பேட்மேனாகவோ வேறு பிடித்த பாத்திரமாகவோ நினைத்துக்கொண்டபோது அதிக நேரம் விடாமல் செய்தார்கள். அந்தக் குழந்தைகள் பேட்மேனிடமிருந்து எடுத்துக்கொண்டது விடாமுயற்சியை.

அண்மைக் காலப் படங்களில் ஆண் மனதின் உடைசல் வெளிப்படையாகவே வருகிறது. 2013இல் வந்த அயர்ன்மேன் மூன்றாம் படத்தில் டோனி ஸ்டார்க்குக்குப் பொது இடத்திலேயே பதற்றத் தாக்குதல் வருகிறது. 2019இல் வந்த எண்ட்கேம் படத்தில் துக்கத்தில் உழலும் தோர் குடித்துக் குடித்துத் தொந்தி போட்டுவிடுகிறார். அதைப் படம் சிரிப்புக்குப் பயன்படுத்தியது எனக்குப் பிடிக்கவே இல்லை. மனச்சோர்வில் இருக்கும் ஒரு ஆளின் வயிற்றைக் காட்டி ஆயிரம் பேரைச் சிரிக்கவைப்பது சின்ன விஷயம் இல்லை, அதே நோவில் இருக்கிற யாரோ ஒருவர் அந்த இருட்டில் உட்கார்ந்திருப்பார். ஆனால் ஒன்றை ஒத்துக்கொள்ளவேண்டும். அம்மாவிடம் அவர் அழும் காட்சியும், தகுதியுள்ளவர் கைக்கு மட்டுமே வரும் சுத்தியல் அந்த உடம்போடு இருக்கும்போதே அவர் கைக்கு வந்து சேருவதும், கடைசிப் போரிலும் படம் அவரை இளைக்கவைக்காததும் நல்ல முடிவுகள். ஒரே படம் இரண்டையும் செய்கிறது. இந்த வகைக் கதைகள் பெரும்பாலும் இப்படித்தான், ஒரு கையால் கொடுத்து மறு கையால் பறிக்கும்.

சரி, உங்கள் பையனுக்கு. கண்ணாடி முன் கையை மடக்கிப் பார்ப்பது அந்த வயதில் சாதாரணம், கேலி மட்டும் செய்யாதீர்கள். தடை போட்டால் கதை போய்விடும், போஸ்டர் மட்டும் நிற்கும், போஸ்டரைத் தவிர்க்க எந்த வீட்டாலும் முடியாது. சேர்ந்து உட்கார்ந்து பாருங்கள். இந்த ஆள் எப்போது பயந்தார், யாரிடம் சொன்னார், உதவி கேட்டாரா என்று படம் முடிந்தபிறகு சாதாரணமாகக் கேளுங்கள். சாப்பாட்டை ஒதுக்குவது, பவுடர் மாத்திரை தேடுவது, சட்டையைக் கழற்ற வெட்கப்பட்டு விளையாட்டையே விடுவது, எவ்வளவு பயிற்சி செய்தும் நான் ஒல்லி என்று அழுவது, இவற்றில் ஏதாவது தொடர்ந்து தெரிந்தால் அது சினிமா பற்றிய பேச்சு இல்லை. 90களிலேயே ஆய்வாளர்கள் அடையாளம் கண்ட ஒரு மனநலச் சிக்கலாக இருக்கலாம். அப்போது என்னைப் போன்றவர்களைக் கேட்காமல் குழந்தைகள் மனநல மருத்துவரைப் பாருங்கள்.

அப்படி எதுவும் இல்லையென்றால் அந்த 1962 ஸ்பைடர்மேன் கதையைத் தேடி எடுத்து அவனோடு படியுங்கள். அரை மணி நேரம்கூட ஆகாது. முடித்ததும் ஒரே ஒரு கேள்வி கேட்டுப் பாருங்கள்: இவ்வளவு பலம் வந்தபிறகும், தன்னைக் கேலி செய்த பள்ளிப் பையன்களைப் போய் அடிக்கவேண்டும் என்று பீட்டருக்கு ஏன் தோன்றவில்லை? என் மாணவர்கள் இதற்கு வருடத்துக்கு ஒரு பதில் சொல்கிறார்கள். 11 வயதுப் பையன் என்ன சொல்வான் என்று கேட்க எனக்கு மிகவும் ஆசையாக இருக்கிறது. முடிந்தால் எழுதுங்கள்.